கோடைக்கானலில் ஒரு நாள்: பன்னிரண்டு இடங்களும் பதின்மூன்றாவதும்

"பன்னிரண்டு இடம், சார். காலை ஒன்பது மணிக்குப் புறப்பட்டால் சாயங்காலம் ஐந்துக்குள் எல்லாம் முடிந்துவிடும். சாப்பாடு மட்டும் உங்கள் செலவு."

கோடைக்கானல் பஸ் நிலையத்தின் எதிரே நின்றுகொண்டு ஒருவர் இப்படி அழைத்தார். ஒரு பகலில் பன்னிரண்டு இடங்களைப் பார்த்து 'முடிப்பது' எப்படி என்று அவரைக் கேட்டிருக்கலாம். ஆனால் கத்திரி வெயிலில் மதுரையில் வெந்துவிட்டு வந்தவனுக்கு, ஏழாயிரம் அடி உயரத்துக் குளிர்காற்று முகத்தில் பட்டதும், யார் எதைச் சொன்னாலும் தலையாட்டத் தோன்றுகிறது. பணத்தைக் கொடுத்துவிட்டு வேனில் ஏறி உட்கார்ந்தேன்.

வேனில் எங்களையும் சேர்த்துப் பதினான்கு பேர். கைபேசியும் கையுமாக நான்கு கல்லூரி வாலிபர்கள். புதிதாக மணமான ஒரு தம்பதி. அருப்புக்கோட்டையிலிருந்து மகன், மருமகள், பேரன் பேத்தியுடன் வந்திருந்த ஒரு மூதாட்டி. மற்றவர்கள் என்னைப்போல் தனி ஆசாமிகள். டிரைவரே வழிகாட்டி. ஐம்பது வயதைத் தாண்டியவர், மன்னவனூர்ப் பக்கத்து மலைக் கிராமத்துக்காரர். சக்கரத்தைத் திருப்பிக்கொண்டே கணீரென்று பேசும் வித்தை அவருக்குக் கைவந்திருந்தது.

கூட்டத்தைப் பற்றி முதலில் சொல்லிவிட வேண்டும். உதகைக்கும் கோடைக்கானலுக்கும் வரும் வண்டிகள் இ-பாஸ் பெற்றே வரவேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டு, அது 2024 மே 7 முதல் நடைமுறைக்கு வந்தது. 2025 கோடையில் கோடைக்கானலுக்கு வார நாட்களில் 4,000 வண்டிகள், சனி ஞாயிறுகளில் 6,000 வண்டிகள் என்று வரம்பும் வைத்தார்கள். வரம்பு வைத்தே ஒரு நாளைக்கு ஆறாயிரம் வண்டி என்றால், வரம்பில்லாத காலத்தில் அந்த ஒற்றை மலைச்சாலை பட்ட பாட்டை வாசகர்களே ஊகித்துக்கொள்ளலாம்.

முதல் இடம் கோக்கர்ஸ் வாக். 1872-இல் கோக்கர் என்ற ராணுவ அதிகாரி மலைச்சரிவின் விளிம்பை ஒட்டி வெட்டிய நடைபாதை. சுமார் ஒரு கிலோமீட்டர் நீளம். வெயில் முதுகில் விழ, எதிரே மூடுபனி நிற்குமானால், நம் நிழலே பனித்திரையில் பூதாகாரமாக விழுந்து, தலையைச் சுற்றி வானவில் வளையம் தோன்றுமாம். எங்களுக்கு அந்தப் பாக்கியம் கிட்டவில்லை. கிட்டியதெல்லாம் வேகவைத்த சோளக் கதிரும், "பத்து நிமிஷந்தான், பத்து நிமிஷந்தான்" என்ற டிரைவரின் குரலும்தான்.

அடுத்தது மேலிருந்து ஏரியைப் பார்க்கும் இடம். போகும் வழியில் சூரிய ஆராய்ச்சி நிலையத்தைக் கடந்தோம், வேன் நிற்கவில்லை. 1899-இல் ஏற்பட்ட நிலையம் அது. சூரியப் புள்ளிகளில் வாயுக்கள் மையத்திலிருந்து வெளிநோக்கிப் பாய்கின்றன என்பதை 1909-இல் எவர்ஷெட் என்ற விஞ்ஞானி கண்டறிந்தது இந்த மலையில்தான். வானநூல் படிக்கும் மாணவர்கள் உலகம் முழுவதும் அதை அறிவார்கள். பன்னிரண்டு இடங்களில் அதற்கு இடமில்லை!

நட்சத்திர வடிவ ஏரி கீழே வெள்ளித் தகடாகத் தெரிந்தது. "இந்த ஏரியை யார் கட்டினது தெரியுமா?" என்று டிரைவர் கேட்டதும், வாலிபர்களில் ஒருவர், "ஏரியைக் கட்டினாங்களா? இயற்கை இல்லையா?" என்றார். 1863-இல், மதுரையில் கலெக்டராக இருந்த லெவிஞ்ச் என்ற ஆங்கிலேயர் ஓடைகளை மறித்துக் கரை போட்டு உண்டாக்கிய ஏரி அது. மலை ஏறும்போது வழியில் எல்லோரும் நின்று படம் பிடிக்கும் வெள்ளி அருவியில் விழுவதும் இந்த ஏரியின் உபரி நீர்தான். "அப்போ அருவியும் டூப்பா?" என்றார் வாலிபர். வேன் முழுவதும் சிரித்தது.

நானும் சிரித்தேன். ஆனால் பைன் காட்டுக்கு வந்ததும் அந்தக் கேள்வி வேறு விதமாகத் திரும்பியது.

பைன் காட்டைப் பார்க்காதவர்களும் சினிமாவில் பார்த்திருப்பார்கள். நெட்டை நெட்டையாக, வரிசை வரிசையாக, வானத்தை முட்டிக்கொண்டு நிற்கும் மரங்கள். அடியில் ஊசி இலைச் சருகு மெத்தை. புதுத் தம்பதி ஒரு மரத்துக்கு இப்புறமும் அப்புறமும் நின்று எட்டிப் பார்த்துப் படமெடுத்துக்கொண்டார்கள். அருப்புக்கோட்டை அம்மாள் மட்டும் வேனின் படியருகில் நின்று மேலும் கீழும் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஏன் தம்பி, இம்புட்டுப் பெரிய காட்டுல ஒரு குருவிச் சத்தம்கூட இல்லையே?"

டிரைவர் கொஞ்சம் தயங்கினார். வழக்கமான பிரசங்கத்தில் இதற்குப் பதில் இல்லை போலும்.

"இது காடு இல்லீங்கம்மா. தோட்டம் மாதிரி. மனுஷன் நட்டது."

அவர் சொன்னது சத்தியமான வார்த்தை. பைன் இந்த மண்ணின் மரமல்ல. வெள்ளைக்காரர்கள் கொண்டுவந்து பழக்கியது. பின்னர் காகிதக் கூழுக்காகவும் விறகுக்காகவும் பைனும் தைல மரமும் நட்டார்கள். தோல் பதனிட உதவும் பட்டைக்காக ஆஸ்திரேலியாவிலிருந்து வாட்டில் மரம் வந்தது. சுதந்திரத்துக்குப் பிறகும் நம் சர்க்கார் அந்த வேலையை நிறுத்தவில்லை. இன்னும் மும்முரமாகவே நடத்தியது. இவற்றையெல்லாம் நட்ட இடம் பெரும்பாலும் புல்வெளி. மரமில்லாத மலையை வெறுந்தரிசு என்று நினைத்துவிட்டார்கள்.

உயர்ந்த மலைகளின் அமைப்பே வேறு. சரிவெல்லாம் புல், பள்ளங்களில் மட்டும் சோலை. திறந்த வெளியில் இரவில் உறைபனி விழுவதால் சோலை மரத்தின் கன்று அங்கே பிழைப்பதில்லை, புல் பிழைக்கிறது. மழை பெய்தால் புல் அதைப் பிடித்து மண்ணுக்குள் இறக்குகிறது. சோலை மரங்களின் பாசி படர்ந்த கிளைகள் மூடுபனியையே நீராக்கிச் சொட்டவிடுகின்றன. இப்படிச் சேர்ந்த தண்ணீர் சிறுகச் சிறுகக் கசிந்து, கோடையிலும் ஓடையாக ஓடுகிறது. தெற்கே இறங்குவது வைகைக்கு. வடக்கே இறங்குவது அமராவதி வழியாகக் காவிரிக்கு. நாம் கீழே குடிக்கும் தண்ணீர்தான் அது.

"எங்க அப்பா வாட்டில் கன்று நட்டுக் கூலி வாங்கினவர்," என்றார் டிரைவர், வேனைக் கிளப்பிக்கொண்டே. "அந்தக் கூலியிலதான் என்னைப் படிக்க வெச்சாரு. இப்போ அதே மரத்தை வெட்டச் சொல்லிக் கோர்ட்டு, பாரஸ்ட்டு எல்லாம் சொல்றாங்க. வெட்டினா அடிவேர்ல இருந்தும் கொட்டையில இருந்தும் மறுபடி நூறு முளைக்குது. எங்க ஊரு மேய்ச்சல் மேடு எல்லாம் அதுதான்."

யாரும் பதில் சொல்லவில்லை. அவரும் உடனே தம் வழக்கமான குரலுக்குத் திரும்பிவிட்டார்: "அடுத்தது, குணா குகை!"

குணா குகையைப் பற்றி நான் அதிகம் சொல்ல வேண்டியதில்லை. 'டெவில்ஸ் கிச்சன்' என்று வெள்ளைக்காரர்கள் வைத்த பெயர், 1991-இல் கமல்ஹாசன் நடித்த 'குணா' வந்ததும் மறைந்துபோயிற்று. 2006-இல் கேரளத்திலிருந்து வந்த வாலிபர் ஒருவர் பாறைப் பிளவில் விழுந்து, நண்பர் ஒருவர் கயிற்றில் இறங்கி மீட்ட உண்மைச் சம்பவம் 2024-இல் 'மஞ்ஞும்மல் பாய்ஸ்' என்ற மலையாளப் படமாயிற்று. அதன் பிறகு கூட்டம் இரட்டிப்பு என்கிறார் டிரைவர். கம்பி வேலிக்கு இப்பால் நின்று பார்க்கலாம். மரவேர்கள் பாம்புகளைப்போல் பின்னிக்கிடக்கும் இடம். வேர்மேல் உட்கார்ந்து படமெடுத்துக்கொள்ள ஒரு வரிசையே நின்றது.

தூண் பாறைக்கு வந்தபோது ஒன்றும் தெரியவில்லை. ஒன்றுமே! கைப்பிடிக் கம்பிக்கு அப்பால் வெறும் வெள்ளை. நானூறு அடி உயரமுள்ள மூன்று பாறைகள் எதிரே நிற்கின்றன என்று பலகை சொல்லிற்று, நம்ப வேண்டியதாயிற்று. வாலிபர்கள் பலகையையே படம் பிடித்தார்கள். இருபது நிமிஷம் கழிந்தது. "கிளம்பலாமா?" என்று டிரைவர் கேட்டுக்கொண்டிருக்கையில், யாரோ திரையை இழுத்ததுபோல் பனி விலகிற்று. கறுத்து, நனைந்து, நெடுக நெடுக மூன்று தூண்கள்! அவற்றின் அடி எங்கே இருக்கிறதென்று தெரியாத பள்ளம். "முருகா!" என்றார் அருப்புக்கோட்டை அம்மாள். ஒரு நிமிஷம் இருக்குமோ என்னவோ, மறுபடியும் வெள்ளை மூடிவிட்டது. அந்த ஒரு நிமிஷத்தில் படமெடுக்க மறந்துபோனவர்களில் நானும் ஒருவன்.

இந்தப் பாறைக்கு நிலநூலார் இட்ட பெயர் சார்னக்கைட். கல்கத்தா நகரத்தோடு பெயர் சேர்ந்த ஜாப் சார்னக் என்பவரின் கல்லறைக் கல்லைச் சோதித்து ஹாலண்ட் என்ற நிபுணர் வைத்த பெயர் அது. அந்தக் கல் போனது எங்கிருந்து என்கிறீர்கள்? நம் பல்லாவரத்திலிருந்து! பல்லாவரத்துக் குன்றும் இந்தத் தூண்களும் ஒரே ஜாதிக் கல். வயது ஐம்பது கோடி ஆண்டுகளுக்கு மேல். அதன் முன்னால் எங்களுடைய இருபது நிமிஷ அவசரத்தை நினைத்துக் கொஞ்சம் வெட்கமாகவே இருந்தது.

கிரீன் வேலி வியூவில் பள்ளத்தாக்கைவிடக் குரங்குகளும் கடைகளுமே அதிகம் தென்பட்டன. பேரனின் கையிலிருந்த மக்காச்சோளத்தை ஒரு குரங்கு மரியாதையாக வாங்கிக்கொண்டு போயிற்று. தெளிவான நாளில் இங்கிருந்து வைகை அணை தெரியும்.

அங்கிருந்து ஊருக்குத் திரும்பும் வழியில்தான், பட்டியலில் இல்லாத அந்த நிறுத்தம். சாப்பாட்டு நேரமாகிவிட்டது. பசியில் வேனே மௌனமாக இருந்தது. அப்போது அம்மாள், "தம்பி, காலைல நட்ட காட்டைக் காமிச்சியே, நடாத காடு எங்கப்பா இருக்கு?" என்று கேட்டார். டிரைவர் கண்ணாடியில் அவரை ஒரு தரம் பார்த்தார். கொஞ்ச தூரம் போய், சாலையோரம் வண்டியை ஒடுக்கி நிறுத்தினார்.

"அஞ்சு நிமிஷம். உள்ளே போகக்கூடாது, ஓரத்துலயே நின்னு பாருங்க."

பள்ளத்தில் அடர்ந்து கிடந்த ஒரு சிறு சோலை. நெட்டை மரம் ஒன்றுகூட இல்லை. குட்டையும் கோணலுமாக, உடம்பெல்லாம் பாசியும் பெரணியும் போர்த்திய மரங்கள். வெளியே பகல், உள்ளே அந்திப்பொழுது. எங்கிருந்தோ ஒரு பறவை சீழ்க்கையடித்தது. இன்னொன்று பதில் சொல்லிற்று. மரத்தடியிலிருந்து விரற்கடை அகலத்துக்கு நீர் கசிந்து சாலையோரக் காலில் ஓடிக்கொண்டிருந்தது. மழை பெய்து எத்தனையோ நாளாயிற்று என்றார் டிரைவர். அம்மாள் குனிந்து அந்த நீரை ஒரு கை அள்ளி முகத்தில் விட்டுக்கொண்டார். "ஐஸு மாதிரி இருக்கு" என்று பேத்தியையும் கூப்பிட்டுத் தொடச் சொன்னார்.

தாவர நூலார் உலகெங்கும் இந்தக் காட்டை 'ஷோலா' என்று எழுதுகிறார்கள். அது நம் 'சோலை'தான். நாம் கொடுத்த சொல்லையே 'பாம்பே ஷோலா', 'பேர் ஷோலா' என்று பலகையில் திருப்பி எழுதி, ஏதோ இங்கிலீஷ்ப் பெயர் என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம்.

"அண்ணே, இது லிஸ்ட்லயே இல்லையே. போட்டிங் என்னாச்சு?" என்றார் வாலிபர்களில் ஒருவர். அவரைக் குறை சொல்லக்கூடாது. பன்னிரண்டு இடத்துக்குப் பணம் கொடுத்தவர். ஐந்து நிமிஷம் கால் மணியாகியிருந்தது. சாப்பிட்டுவிட்டு ஏரிக்கரைக்குப் போனால் படகுக்கு நீண்ட வரிசை, நேரமில்லை. வேனில் சிறு சச்சரவு எழுந்தது. அம்மாளின் மகன், "எங்களாலதானே தம்பி நேரமாயிடுச்சு, மன்னிச்சுக்கோங்க" என்று சொல்லி, வாலிபர்களுக்குத் தேநீர் வாங்கிக் கொடுத்துச் சமாதானம் செய்தார்.

கடைசி இடம் குறிஞ்சியாண்டவர் கோயில். இலங்கைத் தமிழ்த் தலைவர் பொன்னம்பலம் ராமநாதனை மணந்து லீலாவதி என்ற பெயர் பூண்ட மேல்நாட்டு மாது 1936-இல் கட்டிய முருகன் கோயில். வானம் தெளிந்திருந்தால் இங்கிருந்து பழநி மலையே தெரியும். கோயிலைச் சுற்றிக் குறிஞ்சிச் செடிகள் உண்டு, பூவில்லை. பன்னிரண்டு ஆண்டுக்கு ஒரு தரம் பூப்பது 2006-இல் பூத்தது, 2018-இல் பூத்தது.

"அடுத்து 2030. அப்போ வாங்கம்மா, மலையே நீலமா இருக்கும்," என்றார் டிரைவர்.

"புல்மேடு எல்லாம் வாட்டில் ஆயிடுச்சுன்னியே. பூ எங்கே பூக்கும்?"

"இருக்கிற இடத்துல பூக்கும்மா. எங்க ஊருப் பக்கம் இன்னும் கொஞ்சம் மேடு இருக்கு."

"உன் போன் நம்பரைக் குடு. 2030-ல நேரா அங்கேயே கூட்டிட்டுப் போ. இந்தப் பன்னெண்டு இடமெல்லாம் வேண்டாம்."

டிரைவர் எண்ணைச் சொல்ல, பேத்தி தன் தகப்பனாரின் கைபேசியில் பதிந்துகொண்டாள். என்ன பெயரில் பதியட்டும் என்று கேட்டதற்கு, "குறிஞ்சி டிரைவர்னு போடு" என்றார் பாட்டி. ஐந்தரை மணிக்கு பஸ் நிலையத்தில் எங்களை இறக்கிவிட்டார்கள்.