சட்டியில் உருகிய பிளாஸ்டிக்கை எரித்து எடுக்கலாமா?

புல்மோட்டைக் கடற்கரையின் கறுப்பு மணலில் இல்மனைட் இருக்கிறது. லங்கா மினரல் சாண்ட்ஸ் நிறுவனம் அதைப் பிரித்தெடுத்துக் கப்பலேற்றுகிறது. இல்மனைட்டிலிருந்து கிடைக்கும் டைட்டானியம் டையொக்சைட்டுத்தான் உலகெங்கும் வண்ணப்பூச்சுக்கும் பிளாஸ்டிக்குக்கும் வெண்மை கொடுக்கிறது. இவ்வூர்க் குசினியில் தொங்கும் வெள்ளைப் பிளாஸ்டிக் அகப்பையில் இந்த மணலின் சிறு பங்கு கலந்து, ஊர் திரும்பியிருக்கவும் கூடும். அந்த அகப்பை சூடான தாச்சியின் விளிம்பில் சாய்ந்து உருகி ஒட்டிவிட்டால்தான் வீட்டில் குழப்பம் தொடங்குகிறது.

உருகுவதற்குப் பெரிய சூடு தேவையில்லை. ஷொப்பிங் பேக்கின் பொலித்தீன் ஏறத்தாழ 110 பாகை செல்சியஸில் இளகிவிடும். உணவுப் பெட்டிகளும் மூடிகளும் பெரும்பாலும் பொலிப்புரொப்பிலீன். அது ஏறத்தாழ 160 பாகையில் உருகும். காஸ் அடுப்பில் வெறும் தாச்சியை வைத்தாலோ சில நிமிடங்களில் 200 பாகையைத் தாண்டிவிடும். ரைஸ் குக்கரின் சூட்டுத் தட்டில் பைத் துண்டு ஒன்று சிக்கிக்கொள்வதும், அடுப்பிலிருந்து இறக்கிய சட்டியைப் பிளாஸ்டிக் மேசை விரிப்பில் வைத்துவிடுவதும் எந்த வீட்டிலும் நடக்கக்கூடியவை. கரையோரத்தில் இன்னொன்றும் உண்டு. வலைக் கயிற்றின் நுனி பிரியாமலிருக்க நெருப்பில் காட்டி உருக்குகிறார்கள். அதிலிருந்து சொட்டும் நைலோன் 200 பாகைக்கும் மேலான சூட்டில் இருக்கும்.

ஒட்டிய பிறகு பலரும் செய்வது அடுப்பைக் கூட்டிவைப்பதுதான். எரிந்து கரியானால் சுரண்டிவிடலாம் என்று நினைக்கிறார்கள். இதைத்தான் செய்யவே கூடாது.

ஏன் என்பதற்கு இலங்கைக் கடலிலேயே சான்று இருக்கிறது. 2021 மே 20ஆம் திகதி கொழும்புக்கு அருகில் எக்ஸ்பிரஸ் பேர்ல் என்ற கொள்கலன் கப்பல் தீப்பற்றியது. அதில் ஏறத்தாழ 1,680 தொன் பிளாஸ்டிக் மணிகள் இருந்தன. வெள்ளை மணிகளோடு உருகிக் கரிந்த கட்டிகளும் நீர்கொழும்பு, சரக்குவைக் கரைகளில் ஒதுங்கின. கடல் உயிரியலாளர் ஆஷா டி வொஸும் அமெரிக்க ஆய்வாளர்களும் இரண்டையும் ஒப்பிட்டுப் பார்த்தார்கள். எரிந்த பிளாஸ்டிக்கின் வேதியியல் சேர்க்கை எரியாததைப்போல் ஏறத்தாழ மூன்று மடங்கு சிக்கலாக இருந்தது. எரியும்போது உண்டாகும் நச்சு ஐதரோகாபன்களும் அதில் சேர்ந்திருந்தன. தாச்சியில் ஒட்டியிருப்பது வெறும் பிளாஸ்டிக். எரித்தபின் மிஞ்சுவது வேறு பொருள். பொருள் பிவிசியாக இருந்தால் ஐதரசன் குளோரைட்டு வாயுவும் கிளம்பும். அது கண்ணையும் தொண்டையையும் அரிக்கும். குழந்தைகளும் ஆஸ்துமா உள்ளவர்களும் வீட்டிலிருந்தால் ஆபத்து இரட்டிப்பு.

ஆகவே முதல் வேலை அடுப்பை அணைப்பது, யன்னல்களைத் திறப்பது. மின்சாதனமானால் பிளக்கைக் கழற்றவேண்டும். அடுத்தது பொறுத்திருப்பது.

உருகிய பிளாஸ்டிக்கை எடுக்கச் சூட்டைவிடக் குளிர் நல்ல துணை. குளிரும்போது பிளாஸ்டிக் இரும்பையும் எவர்சில்வரையும்விடப் பல மடங்கு அதிகமாகச் சுருங்குகிறது. அந்தச் சுருக்கத்தில் பிடி தளர்ந்து, ஓரம் தானாகவே மேலெழும். பாத்திரம் தானாக ஆறிய பிறகு ஓரிரண்டு மணிநேரம் பிரீசரில் வைக்கலாம். பிரீசர் இல்லாவிட்டால் மீன் பெட்டிக்கு வாங்கும் ஐஸை உடைத்து, கொஞ்சம் உப்பும் சேர்த்து, ஒட்டிய இடத்தில் நிரப்பலாம். பிறகு மரக் கரண்டியின் நுனியால் ஓரத்திலிருந்து நெம்பினால் பெரும்பாலும் தகடாகவே கழன்று வரும். மிஞ்சும் படலத்தை அப்பச்சோடாவில் சிறிது நீர் விட்டுக் குழைத்துத் தேய்த்து எடுக்கலாம். கொதிக்கும் சட்டியை நேரே ஐஸில் வைப்பது மட்டும் தவறு. சட்டி வளையும், பூச்சு வெடிக்கும். கண்ணாடி மேற்தட்டுள்ள காஸ் அடுப்புக்கும் ஐஸ் ஆகாது; திடீர்க் குளிரில் கண்ணாடி நொறுங்கலாம்.

சீமெந்துத் தரையிலும் மாபிளிலும் ஒட்டியதற்கு ஒரு பையில் ஐஸ் கட்டி வைத்தாலே போதும். ஸ்திரிக்கைப் பெட்டிக்கு முறை வேறு: மிகக் குறைந்த சூட்டில், பிளாஸ்டிக் லேசாக இளகியதும் பிளக்கைக் கழற்றிவிட்டுத் தடித்த பருத்தித் துணியில் இழுத்துத் துடைக்கவேண்டும். ரைஸ் குக்கர் தட்டை ஆறவிட்டுச் சுரண்டுவதே நல்லது. அதன்மேல் தண்ணீர் ஊற்றக் கூடாது.

நகப்பூச்சு அகற்றும் அசிற்றோன் எல்லாவற்றையும் கரைக்கும் என்ற நம்பிக்கை பரவலாக இருக்கிறது. அது பொலித்தீனையோ பொலிப்புரொப்பிலீனையோ கரைக்காது, எளிதில் தீப்பற்றும். அலுமினியச் சட்டியில் கோஸ்டிக் சோடா போட்டால் உலோகத்தையே தின்று ஐதரசன் வாயுவை வெளிவிடும். புளீச்சையும் கழிவறை கழுவும் அமிலத்தையும் ஒன்றாகக் கலந்தால் குளோரின் வாயு உண்டாகும். காற்றோட்டமில்லாத குசினியில் அது உயிருக்கே ஆபத்து.

சில பாத்திரங்களைக் காப்பாற்ற முயல வேண்டியதில்லை. மண்சட்டியின் நுண்துளைகளுக்குள் உருகிய பிளாஸ்டிக் இறங்கிவிடும். என்ன தேய்த்தாலும் வராது. நொன்ஸ்டிக் தாச்சியில் பூச்சோடு பிளாஸ்டிக் கழன்றால் அந்தத் தாச்சி சமையலுக்கு உதவாது. அதன் பூச்சே 260 பாகைக்குமேல் சிதையத் தொடங்குவதால், அதை எரித்துச் சுத்தம் செய்வது இரட்டைத் தீங்கு. பிளாஸ்டிக் விழுந்து உருகிய கறியை மேலால் அள்ளிவிட்டு மிச்சத்தைப் பரிமாறுவதும் வேண்டாம். அந்த இழப்பு தாங்கிக்கொள்ளக்கூடியது.

உருகிய பிளாஸ்டிக் தோலில் ஒட்டினால் அதை இழுத்துப் பிய்க்கக் கூடாது. தோலும் சேர்ந்து வரும். ஓடும் குழாய்நீரில் 20 நிமிடம் பிடித்து, ஒட்டியது ஒட்டியபடியே புல்மோட்டை வைத்தியசாலைக்குப் போகவேண்டும். ஐஸோ பற்பசையோ எண்ணெயோ பூச வேண்டாம். காயம் பெரிதானால் 1990 அம்புலன்ஸ் சேவை இலவசம்.

சுரண்டி எடுத்த துண்டுகளை வளவின் மூலையில் சருகோடு சேர்த்துக் கொளுத்துவது பழகிப்போன ஒன்று. அது குற்றம். 2017 ஏப்ரல் 14, புத்தாண்டு நாளில் மீதொட்டமுல்லை குப்பைமேடு சரிந்து முப்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தபின், அவ்வாண்டு செப்டெம்பர் 1 முதல் தேசிய சுற்றாடல் சட்டத்தின்கீழ் தடைகள் வந்தன. உணவு சுற்றும் லஞ்ச் ஷீட்டோடு, பிளாஸ்டிக் கலந்த குப்பையைத் திறந்த வெளியில் எரிப்பதும் அன்று தடைசெய்யப்பட்டது. வீட்டுக் குப்பையை அகற்றும் பொறுப்பு குச்சவெளிப் பிரதேச சபையுடையது. வண்டி வராத வீதிகளில் குடியிருப்பவர்கள் அந்தச் சேவையைக் கேட்டு வாங்கவேண்டும். கேட்காமல் எரிப்பதால் சபையின் கடமையைப் பிள்ளைகளின் நுரையீரல் சுமக்கிறது.

2023 ஒக்டோபர் 1 முதல் ஒருமுறை பயன்படுத்தும் பிளாஸ்டிக் பொருட்கள் சிலவும் தடைப்பட்டியலில் சேர்ந்தன. உறிஞ்சுகுழாய், தட்டு, கரண்டியோடு பிளாஸ்டிக் இடியப்பத் தட்டும் அதில் அடங்கும். கொதிநீராவியில் நாள்தோறும் வேகும் பொருள் அது என்பதால் இந்தத் தடை தனிக் கவனத்துக்குரியது. பிரம்புத் தட்டும் பனையோலை நீத்துப்பெட்டியும் உருகிக் கறியில் சேராதவை. தடைசெய்யப்பட்ட பொருட்கள் கடைகளில் விற்கப்பட்டால் மத்திய சுற்றாடல் அதிகார சபைக்கு அறிவிக்கலாம். சாப்பாட்டுக் கடையில் சுடுசோற்றைப் பொலித்தீனில் கொட்டிக் கொடுத்தால் பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடம் சொல்லலாம்.

சூடு தாங்கும் என்று பெட்டியில் அச்சிட்டு விற்ற கரண்டியோ மைக்ரோவேவ் பாத்திரமோ முதல் நாளிலேயே உருகினால், நட்டம் வாங்கியவர் தலையில் விழவேண்டியதில்லை. நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபை 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கச் சட்டத்தால் அமைக்கப்பட்டது. கேட்டால் பற்றுச்சீட்டுக் கொடுக்க வியாபாரி கடமைப்பட்டவர். உத்தரவாதத்துக்கு மாறான பொருளைப் பற்றி மூன்று மாதத்துக்குள் எழுத்தில் முறையிடலாம். தொலைபேசி இலக்கம் 1977. சுரண்டுவதற்கு முன்பே படம் எடுத்து, உருகிய பொருளையும் அது வந்த பெட்டியையும் பற்றுச்சீட்டையும் எடுத்துவைப்பது அவசியம். கழுவித் துடைத்த சட்டியைக் காட்டினால் எதையும் நிறுவ முடியாது. முறைப்பாட்டைத் தமிழிலேயே எழுதலாம். அரச அலுவலகத்துடன் தமிழில் கருமமாற்றும் உரிமையை அரசியலமைப்பின் நான்காம் அத்தியாயம் தருகிறது.