மௌனத்துக்கு மேல்முறையீடு இல்லை
(நிலமும் நீதியும் – தொடர்)

எல்லையை அளந்து கல் நட்டுத் தரும்படி கட்டணம் கட்டி மனுக் கொடுத்தவருக்கு மூன்றில் ஒன்று நடக்கும். சர்வேயர் வந்து அளப்பார். காரணம் சொல்லி மறுப்பார்கள். அல்லது ஒன்றுமே நடக்காது. முதல் இரண்டிலும் குறையிருந்தால் முறையிட வழி உண்டு. 1923-ஆம் ஆண்டின் நில அளவை, எல்லைகள் சட்டம், அதன்படி செய்த எல்லை நிர்ணயத்தை எதிர்த்து மேல்முறையீடு செய்யவும், பிறகு மூன்று ஆண்டுகளுக்குள் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போடவும் இடம் தருகிறது. ஆனால், மேல்முறையீடு என்றால் எதிர்ப்பதற்கு ஓர் உத்தரவு கையில் வேண்டும். கோப்பு அசையாமல் கிடந்தால் அந்த உத்தரவே பிறக்காது. ஆகவே தாமதம் என்பது வெறும் சுணக்கம் அல்ல. சட்டம் திறந்து வைத்த அடுத்த கதவையும் அது அடைத்துவிடுகிறது.

அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆம் பிரிவில் உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் ரிட் மனு இந்த இடத்தில்தான் தேவைப்படுகிறது. கடமையைச் செய்யச் சொல்லும் மாண்டமஸ் ஆணை கிடைக்க, அதிகாரிக்கு அந்தக் கடமை இருக்கிறது, மனுதாரர் அதைக் கேட்டிருக்கிறார், கேட்டும் நடக்கவில்லை என்ற மூன்றையும் காட்ட வேண்டும். கட்டண ரசீது, ஒப்புகைச் சீட்டு, பட்டா நகல், நினைவூட்டுக் கடிதம் ஆகியவையே இதற்குச் சான்று. கேட்பதையும் தெளிவாகக் கேட்க வேண்டும். ‘மனுவைப் பரிசீலிக்கவும்’ என்று மட்டும் உத்தரவு வாங்கினால், ஒரு பதில் கடிதத்தோடு அது முடிந்துபோகலாம். அண்டை நிலத்தாருக்கு அறிவிப்புக் கொடுத்து, புலப்படத்தின்படி அளந்து, வரைபடமும் அறிக்கையும் இன்ன வாரத்துக்குள் தர வேண்டும் என்று கேட்பதே பயன் தரும். கெடு தாண்டினால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம்; அதையும் ஓராண்டுக்குள் போட வேண்டும் என்கிறது 1971-ஆம் ஆண்டுச் சட்டம்.

எல்லைத் தகராறை ரிட் மனுவில் தீர்க்கலாமா என்று கேட்பார்கள். தீர்க்க முடியாது, தீர்க்கச் சொல்லவும் கூடாது. நிலம் யாருடையது என்பதை உரிமையியல் நீதிமன்றமே முடிவு செய்யும். இங்கே கேட்பது அளக்கச் சொல்லித்தான். முடிவு இன்னதாக இருக்கட்டும் என்றல்ல. ‘பரிசீலிக்க’ உத்தரவுகளை இயந்திரம்போல் வழங்கினால், காலம் கடந்த கோரிக்கைகளுக்கெல்லாம் உயிர் வந்துவிடும் என்று உச்ச நீதிமன்றம் 2008-இல் எச்சரித்ததும் நியாயமே. 1982-இல் வேலை இழந்தவர் 2000-இல் கொடுத்த மனுவைப் பற்றிய வழக்கு அது. நிலுவையில் உள்ள அளவை மனு அப்படிப்பட்டதல்ல. ஆனாலும் ஆண்டுக்கணக்கில் சும்மா இருந்துவிட்டு நீதிமன்றம் போகக் கூடாது என்ற பாடம் அதில் இருக்கிறது.

சர்வேயர் பற்றாக்குறை என்று துறை சொல்லலாம். அது எத்தனை நாள் ஆகும் என்பதற்குக் காரணமாகலாம்; நாளே சொல்லாததற்குக் காரணமாகாது. வக்கீலுக்குப் பணம் கொடுக்க முடிந்தவர் வரிசையில் முந்திவிடுகிறாரே என்பது இன்னும் கனமான கேள்வி. முந்திக்கொள்வது உண்மைதான். அதற்காக நீதிமன்றக் கதவைச் சாத்தினால், பின்னால் நிற்கும் ஏழையின் மனு ஓர் அடிகூட நகராது. எல்லோருக்கும் ஒரே கெடுவைச் சட்டத்தில் எழுதுவதே தீர்வு. மத்தியப் பிரதேசம் 2010-இல் சேவை உரிமைச் சட்டம் கொண்டுவந்தது. கர்நாடகத்தின் 2011-ஆம் ஆண்டுச் சட்டம், தாமதமான ஒவ்வொரு நாளுக்கும் 20 ரூபாய் வீதம், 500 ரூபாய் வரை மனுதாரருக்கு ஈடு தரச் சொல்கிறது. தொகை சிறிதுதான். ஆனால், காத்திருந்த நாளுக்குக் கணக்குச் சொல்ல வேண்டியவர் அதிகாரியே என்று அந்தச் சட்டம் ஒப்புக்கொள்கிறது. அப்படியொரு கெடு எல்லா அளவை மனுவுக்கும் வரும்வரை, ரிட் மனு சலுகை அல்ல. குடிமகனுக்கு மிஞ்சியிருக்கும் உரிமை.

(அடுத்த வாரம்: உட்பிரிவுப் பட்டா)