உஷார்! பாம்பு விஷத்தை மருந்தென்று நீட்டுகிறார்களா?

"பிரஷர் மாத்திரையே பாம்பு விஷத்திலிருந்துதான் வந்தது. மூட்டுவலிக்கு இந்த விஷப் பொடி மட்டும் ஆகாதா?" என்று யாராவது பேச்சை எடுத்தால் அங்கேயே நிறுத்துங்கள். முதல் வாக்கியத்தில் உண்மை இருக்கிறது. அதுதான் நம்மைக் கவிழ்க்கும்.

பிரேசிலின் ஜராரகா விரியன் விஷத்திலிருந்து, ரத்த அழுத்தத்தை இறக்கும் சிறு புரதத் துணுக்குகளை 1960-களில் பிரித்துக் காட்டியவர் செர்ஜியோ ஃபெரேரா. ஆனால் அவற்றை விழுங்கினால் வயிறு செரித்துவிடும். அவை உடம்பில் எந்த நொதியை முடக்குகின்றன என்று பார்த்து, அமெரிக்காவின் ஸ்க்விப் நிறுவனத்தில் குஷ்மனும் ஒண்டெட்டியும் புதிய மூலக்கூறையே செய்தார்கள். 1981-ல் அங்கே அனுமதி பெற்ற கேப்டோபிரில் அதுதான். அந்த மாத்திரையில் துளி விஷம் கிடையாது! 'விஷ மாத்திரை' என்று மிரண்டு, போட்டுக்கொண்டிருப்பதை நீங்களாக நிறுத்திவிடாதீர்கள். கர்ப்பிணிகள் மட்டும் கேப்டோபிரில், அதே வகை எனலாப்ரில், ராமிப்ரில் எது எடுத்தாலும் இன்றே டாக்டரிடம் சொல்லுங்கள்; கருவைப் பாதிக்கும்.

நம்மூர் சுருட்டை விரியனின் விஷத்தை மாதிரியாக வைத்து வந்தது டைரோஃபிபான். மாரடைப்பின்போது ரத்தத் தட்டணுக்கள் ஒட்டிக் கட்டியாகாமல் தடுக்கும். அதையும் ஆஸ்பத்திரியில், எடை பார்த்து, டிரிப்பில்தான் ஏற்றுவார்கள். அப்படிக் கொடுத்தும் ரத்தக்கசிவு வரலாம்.

விஷம் அப்படியே உள்ளே போனால்? பாம்புக்கடி வார்டில் பார்த்தவர்களுக்குத் தெரியும். கடிபட்டவரின் ரத்தத்தைச் சுத்தமான கண்ணாடிக் குழாயில் எடுத்து 20 நிமிடம் ஆடாமல் வைப்பார்கள். பிறகு சாய்ப்பார்கள். நல்ல ரத்தம் உறைந்து நிற்கும். கண்ணாடி விரியன் விஷம் ஏறிய ரத்தம் தண்ணீராக ஓடும். ஈறில் கசியும், சிறுநீரகம் கெடும். வாயில் புண்ணோ வயிற்றில் அல்சரோ இருப்பவர் விஷத்தைக் குடித்தால் அது ரத்தத்தில் கலக்க வழி இருக்கிறது. ஊசியாகப் போட்டுக்கொண்டால் கேட்கவே வேண்டாம், பாம்புக்கடியேதான்.

பொடியாக விற்பவரிடம் என்ன பாம்பு, எவ்வளவு அளவு, யார் சோதித்தது என்று கேட்டுப் பாருங்கள். செங்கல்பட்டு மாவட்டம் வடநெம்மேலியில் இருளர் கூட்டுறவுச் சங்கம் விஷம் எடுக்கிறதே என்பார். அது அரசு அனுமதியோடு, விஷமுறிவு மருந்து தயாரிப்பதற்காக எடுப்பது. உங்கள் மூட்டுவலிக்கு அல்ல. அனுமதியில்லாமல் இந்த விஷத்தை விற்பது வன உயிரினச் சட்டப்படி குற்றம்.

வீட்டில் யாராவது ஏற்கெனவே எடுத்துவிட்டார்களா? மயக்கமோ ரத்தக்கசிவோ வரட்டும் என்று காத்திருக்காதீர்கள். 108-ஐ அழையுங்கள். மிச்சப் பொட்டலத்தைக் கையோடு கொண்டுபோய் டாக்டரிடம் கொடுங்கள்.