சோளக்காட்டில் தொடங்கிய கணக்கு

இயக்குநர் சாங் யீமோவின் முதல் படத்தில் முதல் செலவு விதைக்கு. 'சிவப்புச் சோளம்' (1987) ஷாண்டோங் மாகாணத்துக் காவோமியில் நடக்கிறது. கதையெழுதிய மோ யானின் சொந்த ஊர். படத்துக்குப் போதுமான சோளக்காடு அங்கே இல்லை. மேலிடத்து அனுமதிக்குக் காத்திருந்தால் விதைப்புப் பருவம் போய்விடும். சியான் ஸ்டுடியோவின் தலைவர் வூ தியன்மிங் துணிந்து 40,000 யுவான் முன்பணம் கொடுத்தார். சுமார் 100 மூ நிலத்தில் விதைத்தார்கள். 15 மூ ஒரு ஹெக்டேர் என்பதால், அது 16 ஏக்கருக்குச் சற்று மேல். ஏக்கருக்கு ஏறத்தாழ 2,400 யுவான். 1988-இல் பெர்லின் விழாவின் தங்கக் கரடி கிடைத்தது. சீனப் படம் ஒன்றுக்கு அதுவே முதன்முறை.

இயக்குநருக்கும் வயல் புதிதல்ல. பண்பாட்டுப் புரட்சிக் காலத்தில் 3 ஆண்டு கிராமத்து வேலை, பிறகு 7 ஆண்டு பஞ்சாலை என்று கழித்தவர்.

1991-இல் 'சிவப்பு விளக்கை உயர்த்து' படத்துக்கு நடவும் தேவைப்படவில்லை, அரங்கமும் தேவைப்படவில்லை. ஷான்ஷி மாகாணத்தின் சியாவ் குடும்ப மாளிகை தயாராக நின்றது: 313 அறைகள், 6 பெரிய முற்றங்கள். விளக்கேற்றும் சடங்கு மூலக்கதையில் கிடையாது, இயக்குநர் சேர்த்தது. இன்று அங்கே போகும் சுற்றுலாப் பயணிகள் தேடுவதோ அந்த விளக்குகளைத்தான்!

'ஹீரோ' (2002) வரும்போது தொகை சுமார் 3.1 கோடி டாலர். துன்ஹுவாங் பாலைவனம், சியூசாய்கோ ஏரி, உள்மங்கோலியாவின் பொன்னிறக் காடு என மூன்று திசையிலும் படப்பிடிப்பு. ஏரி நீர் கண்ணாடிபோல அசையாதிருக்க வேண்டும் என்றதால் ஒரு நாளில் கிடைத்தது 2 மணி நேரம்தான். உதிர்ந்த இலைகளைக்கூடத் தரம் பிரித்து வைத்தார்கள். கேமராவுக்கு அருகே பறப்பது முதல் தரம். உலக வசூல் சுமார் 17.7 கோடி டாலர், அதாவது செலவைப்போல 5.7 மடங்கு.

2004-இல் குவாங்ஷியின் யாங்ஷுவோவில், லி ஆற்றின் மேலேயே ஒரு நேரடிக் கலைநிகழ்ச்சியைச் சாங் தொடங்கினார். கலைஞர்கள் சுமார் 600 பேர், பலர் அக்கம்பக்கத்து மீனவர்கள். பின்னணிக்கு 12 குன்றுகள். அவற்றுக்குச் சம்பளம் கிடையாது.

அதன்பின் படங்களின் வசூல்-செலவு விகிதம் 'ஹீரோ'வைவிட இறங்குகிறது. 2006-இன் 'தங்க மலரின் சாபம்': 4.5 கோடி டாலர் போட்டு 7.8 கோடி, 1.7 மடங்கு. 2016-இன் 'தி கிரேட் வால்': 15 கோடி போட்டு 33.5 கோடி, 2.2 மடங்கு. இது லாபம்போலத் தெரியும். ஆனால் வசூலில் ஏறக்குறைய பாதி திரையரங்குகளுக்கே போய்விடும், விளம்பரச் செலவு தனி. படம் நட்டம். கான்சு மாகாணத்தின் வண்ணப் பாறைகள் அதில் வருகின்றன, ஆனால் கணினி அரக்கர்கள் ஓடும் களமாக மட்டும். என் கணக்கில் அந்த 15 கோடியைவிட 40,000 யுவான்தான் திரையில் அதிக நிலத்தைக் காட்டியது.