விண்ணிலிருந்து வரும் விருந்தினர்

நுழையும்முன்

அறியாத ஒருவர் வாயிலில் வந்து நின்றால் அவரை எவ்வாறு எதிர்கொள்வது என்னும் வினா மனித இனத்தைப் போலவே பழைமையானது. வந்தவர் வேற்றூரினர் அல்லர், வேற்றுக் கோளினர் என்று வைத்துக்கொண்டு அதே வினாவை எழுப்புகிறது அறிவியல் புனைகதை. அறிவியலும் கற்பனையும் கைகோக்கும் அவ்விலக்கிய வகையின் இயல்பையும், தமிழில் அது கண்ட வளர்ச்சியையும், இனி அது காணவேண்டிய வளர்ச்சியையும் இப்பாடம் விளக்குகிறது.

ஒளி முன்னே, ஒலி பின்னே

சென்னை சென்ட்ரலிலிருந்து வடக்கே செல்லும் புறநகர் மின்தொடர்வண்டி கும்மிடிப்பூண்டியை அடையும்போது, இருபுறமும் சிப்காட் தொழிற்பேட்டையின் புகைபோக்கிகளும் இரும்பு உருக்கும் ஆலைகளும் தென்படும். அதே தடத்தில் எளாவூர், ஆரம்பாக்கம், தடா எனக் கடந்து மேலும் சென்றால் சூளூர்ப்பேட்டை வரும். அங்கிருந்து கிழக்கே பழவேற்காடு ஏரியைக் கடந்தால் ஸ்ரீஹரிகோட்டா தீவு. இந்தியாவின் ஏவூர்திகள் புறப்படும் சதீஷ் தவான் விண்வெளி மையம் அங்குதான் உள்ளது. குளிர்காலத்தில் பூநாரைகள் வந்திறங்கும் அந்த ஏரியின் தென்பகுதி திருவள்ளூர் மாவட்டத்தைச் சேர்ந்தது.

ஏவுதல் நிகழும் நாளில் கும்மிடிப்பூண்டி வட்டாரத்து மக்கள் மொட்டைமாடிகளில் ஏறி வடதிசை நோக்கி நிற்பர். முதலில் தோன்றுவது ஒளி. தென்னை மரங்களுக்கு மேலே ஒரு தீப்பிழம்பு எழுந்து, வெண்புகைக் கோட்டை வரைந்தபடி கிழக்கே வளையும். ஓசை உடனே வருவதில்லை. ஒலி ஒரு கிலோமீட்டரைக் கடக்க ஏறத்தாழ மூன்று நொடிகள் ஆகும். ஏவுதளத்துக்கும் கும்மிடிப்பூண்டிக்கும் இடையே உள்ள நேர்த்தொலைவு நாற்பது கிலோமீட்டர் அளவினது. எனவே, முழக்கம் வந்து சேர இரண்டு நிமிடங்கள் ஆகும். அதற்குள் ஏவூர்தி வளிமண்டலத்தின் அடர்ந்த பகுதியைக் கடந்திருக்கும். காதில் விழும் முழக்கம் கடந்தகாலத்தின் குரல்.

இந்த இரண்டு நிமிட இடைவெளியிலேயே விண்வெளிப் புனைகதையின் அடிப்படைச் சிக்கல் அடங்கியிருக்கிறது. சூரியனை அடுத்து நமக்கு மிக அருகில் உள்ள விண்மீனான பிராக்சிமா சென்டாரி நாலேகால் ஒளியாண்டுத் தொலைவில் உள்ளது. அங்கே ஓர் அறிவுள்ள உயிர் இருப்பதாகக் கொள்வோம். இன்று நாம் அதனிடம் நலம் வினவினால், அதன் மறுமொழி நம்மை அடைய எட்டரை ஆண்டுகள் ஆகும். பதினோராம் வகுப்பில் கேட்ட கேள்விக்குக் கல்லூரிப் படிப்பை முடித்து வேலைக்குச் சென்ற பின்னரே விடை கிட்டும். இத்தொலைவை மனத்திற்கொண்டு கதை அமைப்பவரே அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆவார்.

அறிவியல் புனைகதை எது?

பறக்கும் கம்பளம் மந்திரக்கதைக்கு உரியது. அது எவ்வாறு பறக்கிறது என்று கேட்பவர் இல்லை. விண்கலம் பறந்தாலோ எந்த எரிபொருளால், எவ்வளவு காலம், எந்த விசையை எதிர்த்து என்று வாசகர் கேட்பார். அக்கேள்விகளை மதித்து விடை தர முயலும் கற்பனையே அறிவியல் புனைகதை. அதன் அறிவியல் பின்னாளில் பிழைபடலாம். ஆனால், எழுதப்பட்ட காலத்து அறிவோடு நேர்மையாக உறவாடியிருக்க வேண்டும்.

பிரெஞ்சு எழுத்தாளர் ஜூல் வெர்ன் 1865இல் நிலவுப் பயணம் பற்றிய புதினத்தை வெளியிட்டார். அதில் மூவர் அமெரிக்காவின் புளோரிடாவிலிருந்து மாபெரும் பீரங்கி ஒன்றின் வழியே நிலவை நோக்கிச் செலுத்தப்படுகின்றனர். பீரங்கியின் திடீர் முடுக்கத்தை மனித உடல் தாங்காது என்பதால் அவ்வழி பிழையானது. ஆயினும், 104 ஆண்டுகள் கழித்து அப்பல்லோ 11இல் மூவர் அதே புளோரிடாவிலிருந்து நிலவுக்குப் புறப்பட்டனர். ஏவூர்தி இயலின் முன்னோடியான ரஷ்ய ஆசிரியர் சியால்கோவ்ஸ்கிக்கு ஊக்கம் அளித்தவை வெர்னின் கதைகள். பிழையான பீரங்கி சரியான ஏவூர்திக்கு வழிகாட்டியது.

பழந்தமிழரின் வான்கனவு

வானில் செல்லும் கனவு தமிழுக்குப் புதிதன்று. செலுத்துவோன் இன்றித் தானே செல்லும் வானவூர்தியைப் பற்றி உறையூர் முதுகண்ணன் சாத்தனார் புறநானூற்றில் பாடுகிறார். திருத்தக்கதேவரின் சீவகசிந்தாமணியில், நாட்டை இழக்கும் நிலையில் உள்ள சச்சந்தன், கருவுற்ற தன் மனைவி விசயையை மயிற்பொறி ஒன்றில் ஏற்றி அனுப்புகிறான். பொறியை ஒருபுறம் திருகினால் மேலெழும்; மறுபுறம் திருகினால் கீழிறங்கும். அது இறங்கிய சுடுகாட்டில் சீவகன் பிறக்கிறான்.

இவற்றைக் கொண்டு நம் முன்னோர் வானூர்தி செய்தனர் என்று முடிவுகட்டுவது பொருந்தாது. கவிதை, கருவி செய்ததற்குச் சான்று ஆகாது. எனினும், மயிற்பொறியை இயக்கும் முறையையும் சொல்ல வேண்டும் என்று ஒரு புலவர் எண்ணியது நம் கவனத்திற்கு உரியது. ‘எவ்வாறு?’ என்னும் வினாவுக்கு விடை சொல்ல முற்படும் அக்கணத்தில் மந்திரக்கதை பொறிக்கதையாக மாறத் தொடங்குகிறது.

அயற்கோளார் என்னும் கண்ணாடி

ஆங்கில எழுத்தாளர் எச். ஜி. வெல்ஸ் 1898இல் நூலாக வெளியிட்ட புதினத்தில், செவ்வாய்க்கோள் உயிர்கள் இங்கிலாந்தின்மீது படையெடுக்கின்றன. மனிதரின் பீரங்கிகளால் அவற்றை வெல்ல முடியவில்லை. இறுதியில், கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிரிகளால் அவை மடிகின்றன. இது வெறும் அச்சக்கதை அன்று. ஐரோப்பியக் குடியேற்றத்தால் டாஸ்மேனியப் பழங்குடியினர் அழிக்கப்பட்டதை முதல் இயலிலேயே வெல்ஸ் நினைவூட்டுகிறார். உலகின் பெரும்பகுதியை ஆண்ட நாட்டு மக்களிடம், ‘பிறருக்கு நாம் செய்தது நமக்கு நேர்ந்தால் எப்படியிருக்கும்?’ என்று அவர் கேட்டார். அயற்கோளார் வழியாக அவர் மனிதரையே காட்டினார்.

அண்டை நாடான இலங்கையில் 1956 முதல் தம் இறுதிக்காலம் வரை வாழ்ந்தவர் ஆர்தர் சி. கிளார்க். புவியின் சுழற்சிக்கு ஒத்துச் சுற்றும் செயற்கைக்கோள்கள் மூலம் உலகம் முழுவதும் செய்தி பரப்பலாம் என்று 1945இலேயே கட்டுரை எழுதியவர். 1973இல் வெளிவந்த அவருடைய புதினமொன்றில், ஐம்பது கிலோமீட்டர் நீளமுள்ள உருளை வடிவ விண்கலம் ஒன்று சூரியக் குடும்பத்துக்குள் நுழைகிறது. மனிதர் அதற்கு ‘ராமா’ எனப் பெயரிட்டு, உள்ளே சென்று ஆராய்கின்றனர். அதை உருவாக்கியோர் தோன்றவே இல்லை. மனிதரை அவர்கள் பொருட்படுத்தவும் இல்லை. பேரண்டத்தின் நடுவே நாம் இல்லை என்னும் பணிவை அந்நூல் கற்பிக்கிறது.

வங்கத்தில் சத்யஜித் ராய் 1962இல் எழுதிய சிறுகதையில், அயற்கோள் உயிர் ஒன்று சிற்றூர்ப் பள்ளி ஆசிரியர் ஒருவரைச் சந்திக்கிறது. எல்லோராலும் எள்ளி நகையாடப்பட்ட அவ்வாசிரியர் அச்சந்திப்புக்குப்பின் தலைநிமிர்கிறார். படையும் போரும் இல்லாமலே அயற்கோள் கதையை அமைக்க முடியும் என்பதற்கு இது சான்று.

தமிழில் விண்வெளிக் கதை

கேரளத்துத் தும்பாவிலிருந்து இந்தியாவின் முதல் ஆய்வு ஏவூர்தி 1963 நவம்பர் 21ஆம் நாள் விண்ணில் ஏவப்பட்டது. அதே ஆண்டில் தமிழ்த் திரையில் ‘கலை அரசி’ வெளிவந்தது. எம்.ஜி.ஆரும் பானுமதியும் நடித்த அப்படத்தில், அறிவியலில் முன்னேறிய வேற்றுக்கோள் ஒன்றில் கலை வளரவில்லை. ஆகவே, அங்கிருந்து வருவோர் இசைவல்ல பெண் ஒருத்தியைப் புவியிலிருந்து கடத்திச் செல்கின்றனர். அவர்கள் தேடி வந்தது பொன்னையோ மண்ணையோ அன்று, பாட்டை. அயற்கோளாருக்கு நம்மிடம் என்ன வேண்டியிருக்கும் என்னும் வினாவுக்குத் தமிழ்த்திரை தந்த இவ்விடை இன்றும் சிந்தனைக்குரியது.

எழுத்தில் இவ்வகையைப் பெருவாரியான வாசகரிடம் கொண்டுசேர்த்தவர் சுஜாதா (1935–2008). இயற்பெயர் ரங்கராஜன். பெங்களூரு பாரத் எலக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் பொறியாளராகப் பணியாற்றி, மின்னணு வாக்குப்பதிவு எந்திர உருவாக்கத்தில் பங்குபெற்றவர். ‘என் இனிய இயந்திரா’, அதன் தொடர்ச்சியான ‘மீண்டும் ஜீனோ’ ஆகிய புதினங்களில் வரும் ஜீனோ என்னும் இயந்திர நாய், படிக்கிறது, பேசுகிறது, சிந்திக்கிறது. பேசும் இயந்திரங்கள் நம் கைப்பேசிக்குள் குடிபுகுந்துவிட்ட இந்நாளில் அக்கதைகளுக்கு மறுவாசிப்பு தேவைப்படுகிறது. அவருடைய ‘கடவுள் வந்திருந்தார்’ நாடகத்தில், நடுத்தரக் குடும்பத்து முதியவர் ஒருவர் வீட்டுக்கு எதிர்காலத்திலிருந்து விருந்தாளி ஒருவர் வருகிறார். அவரோடு உரையாடும் முதியவரைப் பித்தர் என்று சுற்றத்தார் எண்ணுகின்றனர். புதியதைக் கண்டவரை உலகம் நம்ப மறுப்பதே அந்நகைச்சுவை நாடகத்தின் உட்பொருள்.

ஜெயமோகனின் ‘விசும்பு’ தொகுப்பு வேறொரு வழியைத் திறந்தது. சித்த மருத்துவம் முதலிய இந்திய அறிவு மரபுகளிலிருந்து அறிவியல் புனைகதையை உருவாக்க முடியும் என்று அக்கதைகள் காட்டின.

எனினும், அறிவியலில் நம்மவர் எட்டிய உயரத்தோடு ஒப்பிடுகையில் தமிழ் அறிவியல் புனைவு இன்னும் வளர வேண்டியதாகவே உள்ளது. முதல் சந்திரயான் திட்ட இயக்குநர் மயில்சாமி அண்ணாதுரை பொள்ளாச்சிப் பகுதிச் சிற்றூரில் பிறந்தவர். 2023 ஆகஸ்டு 23 அன்று நிலவின் தென்துருவப் பகுதியருகே இறங்கிய சந்திரயான் 3இன் திட்ட இயக்குநர் வீரமுத்துவேல் விழுப்புரத்தைச் சேர்ந்தவர். தூத்துக்குடி மாவட்டம் குலசேகரன்பட்டினத்தில் ஏவுதளம் அமைக்க 2024 பிப்ரவரியில் அடிக்கல் நாட்டப்பட்டது. ஏவூர்தியைத் தம் மாடியிலிருந்து காணும் வாய்ப்புப் பெற்ற தலைமுறை நம்முடையது. கண்ட காட்சியைக் கதையாக்கும் கடமையும் நமக்கு உண்டு.

தெரியுமா?

1977இல் அமெரிக்கா செலுத்திய வாயேஜர் 1, 2 ஆகிய விண்கலங்கள் ஒவ்வொன்றிலும் பொன்முலாம் பூசிய ஒலித்தட்டு உள்ளது. எதிர்காலத்தில் அதைக் கண்டெடுக்கக்கூடிய அயற்கோளாருக்காக 55 மொழிகளில் வாழ்த்துரைகள் பதியப்பட்டுள்ளன. இந்துஸ்தானி இசைக்கலைஞர் கேசர்பாய் கேர்க்கரின் பாடலும் உண்டு. தெலுங்கு, கன்னடம், சிங்களம் ஆகியவற்றில் வாழ்த்து உள்ளது, தமிழில் இல்லை. கார்னெல் பல்கலைக்கழகச் சூழலில் கிடைத்த பேச்சாளர்களைக் கொண்டு குறுகிய காலத்தில் அது தொகுக்கப்பட்டது. வாயேஜர் 1, 2012இல் விண்மீன்களுக்கு இடைப்பட்ட வெளியை அடைந்தது.

விருந்து என்னும் சொல்

வாயேஜரில் தமிழ் இல்லை என்பது வருந்தத்தக்கதே. வருந்துவதோடு நின்றுவிடாமல், அதில் ஒரு வினாவையும் காண வேண்டும். யாரென்றே தெரியாத ஒருவருக்குத் தமிழில் ஒரே ஒரு வாழ்த்துத் தொடரை அனுப்பலாம் என்றால் நாம் எதைச் சொல்வோம்? விடை தேட முயலும்போது, நாம் யார் என்று நம்மையே கேட்டுக்கொள்கிறோம். நல்ல அயற்கோள் கதை செய்யும் பணியும் இதுவே.

அதற்குப் பயிற்சி பெற விண்மீன்வரை செல்ல வேண்டுவதில்லை. கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் பீகார், ஒடிசா, வங்கம் எனப் பல மாநிலத் தொழிலாளர்கள் உழைக்கின்றனர். அவர்தம் பிள்ளைகளில் ஒருவர் நாளை நம் வகுப்பில் வந்து அமரலாம். அவர் மொழி நமக்குப் புரியாது. நம் மொழி அவருக்குப் புரியாது. அவரை விலக்கி வைப்பதா, வியப்போடு வேடிக்கை பார்ப்பதா, ஒரு சொல்லையேனும் பகிர்ந்துகொள்வதா? எட்டரை ஆண்டு காத்திருந்து மறுமொழி பெறும் உயிரிடம் நட்புக் கொள்ளக் கனவு காண்பவர், அடுத்த இருக்கையில் இருப்பவரிடம் பேசத் தயங்கலாமா?

தமிழில் ‘விருந்து’ என்பது வீட்டுக்கு வரும் புதியவரைக் குறிக்கும். சுற்றத்தாரினின்று வேறுபட்ட, முன்பின் அறியாதவரே பழந்தமிழர் கருத்தில் விருந்தினர். தொல்காப்பியமோ இலக்கிய வனப்புகள் எட்டனுள் ஒன்றாக, புதிதாகப் புனையப்படும் படைப்பையும் விருந்து என்றே வழங்குகிறது. புதியவருக்கும் புதிய படைப்புக்கும் ஒரே சொல்லை வைத்திருக்கும் மொழி நம்முடையது. விண்ணிலிருந்து வரும் புதியவரைப் பற்றிப் புதிதாகப் புனையப்படும் கதை, இருபொருளிலும் விருந்தே ஆகும். அதனைப் படைக்கும் எழுதுகோல் இப்போது உங்கள் கையில் உள்ளது.

கற்பவை கற்றபின்

1. அயற்கோள் உயிர் ஒன்றுக்குத் தமிழில் அனுப்ப விரும்பும் வாழ்த்துத் தொடரை எழுதி, அதனைத் தேர்ந்தமைக்கான காரணத்தை வகுப்பில் விளக்குக.
2. மந்திரக்கதைக்கும் அறிவியல் புனைகதைக்கும் உள்ள வேறுபாட்டை மயிற்பொறியைச் சான்றாகக் கொண்டு விவாதிக்க.
3. பழவேற்காடு ஏரிக்கரையில் அயற்கோள் விண்கலம் ஒன்று இறங்குகிறது. முதலில் காண்பவர் ஒரு மீனவர். அவர் கூற்றாகச் சிறுகதை ஒன்று எழுதுக. கதையில் அறிவியல் செய்தி ஒன்றேனும் பிழையின்றி இடம்பெற வேண்டும்.