அமிர்தகழி தந்த ஒளிப்பதிவாளர்

மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939 ஆம் ஆண்டு பிறந்த பாலு மகேந்திரா, பாடசாலைச் சுற்றுலா ஒன்றின்போது, டேவிட் லீன் இலங்கையில் படமாக்கிக்கொண்டிருந்த 'த பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்' படப்பிடிப்பைக் கண்டார். நெறியாளர் 'மழை' எனக் கட்டளையிட்டதும் மழை பொழிந்தது. அந்தப் பிரமிப்பே தம்மைத் திரைத்துறைக்கு இழுத்ததாக அவர் பலமுறை கூறியுள்ளார்.

கொழும்பில் படவரைஞராகப் பணியாற்றிய காலத்தில் 'தேனருவி' என்ற இலக்கியச் சஞ்சிகையை நடத்தியவர் அவர் என்பதை எம்மில் பலர் அறியார். எழுத்திலிருந்தே அவர் ஒளிக்குச் சென்றார். பூனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று 1969 இல் தங்கப்பதக்கத்துடன் வெளியேறினார்.

அக்காலத் தென்னிந்தியக் கலையகங்களில் நடிகரின் முகத்தில் நிழல் விழாதவாறு நாற்புறமும் விளக்குகளைப் பாய்ச்சுவதே வழக்கம். காலையும் மாலையும் ஒன்றுபோலவே தோன்றும். பாலு மகேந்திராவோ யன்னல் வழியே வரும் வெளிச்சத்தையே நம்பினார். நிழலையும் இருளையும் அவ்வாறே விட்டுவைத்தார். பார்ப்பவர் கடிகாரமின்றியே பொழுதை உணர்ந்தனர். 'நெல்லு', 'முள்ளும் மலரும்' ஆகியவற்றில் இதனைக் காணலாம். தாமே நெறியாண்ட 'கோகிலா' (1977), 'மூன்றாம் பிறை' (1982) ஆகியன ஒளிப்பதிவுக்கான இந்தியத் தேசிய விருதுகளைப் பெற்றுத் தந்தன.

ஆயினும் எமது கணிப்பில் அவரது தலைசிறந்த ஆக்கம் 1988 இல் வெளிவந்த 'வீடு' தான். பாடல்கள் இல்லை; நட்சத்திர நாயகரும் இல்லை. வேலைக்குச் செல்லும் பெண்ணொருத்தி சிறு வீடொன்றைக் கட்ட முயன்று, ஒப்பந்தக்காரராலும் அதிகாரிகளாலும் அலைக்கழிக்கப்படுவதே கதை. தமது சிறுபராயத்தில் வீடு கட்டப்பட்டபோது தாயாரிடம் கண்ட மாற்றமே இதற்கு வித்து என அவர் சொல்லியிருக்கிறார். இடம்பெயர்ந்து வீடிழந்த தமிழரும் முஸ்லிம்களும் இதனை வெறும் கதையாகப் பார்த்துவிட முடியாது.

வணிகப் படங்களையும் அவர் எடுத்தார்; அவை யாவும் சிறந்தவை என நாம் வாதிடமாட்டோம். பின்னாளில் தமிழ்ச் சிறுகதைகளைத் தொலைக்காட்சிக்கென 'கதை நேரம்' ஆக்கினார். பாலாவும் வெற்றிமாறனும் அவரிடம் தொழில் பயின்றவர்கள்.

தமது படங்கள் பலவற்றின் மூலப் படச்சுருள்கள் அழிந்துவிட்டன என்பதே இறுதிக் காலத்தில் அவரை வாட்டிய துயரம். அவற்றுள் 'வீடு' படமும் ஒன்று. தமிழ்த் திரைப்படங்களுக்கென ஆவணக் காப்பகமொன்று வேண்டுமென அவர் தொடர்ந்து வலியுறுத்தி வந்தார். 2014 பெப்ரவரி 13 இல் அவர் கண்மூடியபோதும் அது அமைக்கப்பட்டிருக்கவில்லை.