பனிமலைப் படங்களும் டெல்டா யாத்ரீகர்களும்

ஆடி அமாவாசையன்று திருவையாறு ஐயாறப்பர் கோயிலில் நிற்க இடம் கிடைப்பது கடினம். அன்று அப்பருக்குக் கயிலைக் காட்சி. கதை இந்த ஊர்க் குழந்தைகளுக்கும் தெரியும். கயிலையைக் கண்ணால் பார்த்தே தீர்வது என்று முதிய வயதில் வடக்கே நடக்கிறார் அப்பர். காசிக்கு அப்பால் பாதங்கள் தேய்ந்துபோகின்றன. கைகளை ஊன்றித் தவழ்கிறார். கைகளும் தேய, மார்பால் உந்துகிறார். பிறகு புரண்டு போகிறார். கடைசியில் அசையவும் முடியாமல் வழியிலேயே கிடக்கிறார். முனிவராக வந்த இறைவன், இது மனிதரால் ஆகிற பயணம் இல்லை, திரும்பிப் போய்விடும் என்று சொல்லியும் அப்பர் கேட்கவில்லை. பிறகு இறைவன் சொன்னபடி அங்கிருந்த பொய்கையில் மூழ்கித் திருவையாற்றுக் குளத்தில் எழுந்து, அங்கேயே கயிலைக் காட்சி பெறுகிறார். 12-ஆம் நூற்றாண்டில் இதைப் பெரிய புராணத்தில் எழுதிய சேக்கிழார், மலைப்பாதையில் ஓர் உடல் படிப்படியாகத் தளர்வதைக் காட்சி காட்சியாக விவரித்திருக்கிறார். இன்றைய திரைக்கதை ஆசிரியர் ஒருவர் கையில் கிடைத்தால் விடமாட்டார்.

சம்பந்தரும் சுந்தரரும் கேதாரத்தைக் காளத்தியில் இருந்தபடியே பாடிவிட்டார்கள். இன்றைய காவிரி டெல்டாக்காரர்கள் நேரிலேயே போகிறார்கள். கும்பகோணத்திலும் மயிலாடுதுறையிலும் தஞ்சாவூரிலும் கோயில் சுற்றுலா ஏற்பாட்டாளர்களின் சுவரொட்டிகளில் கேதார்நாத், முக்திநாத், அமர்நாத், மானசரோவர் என்று பெயர்கள் வரிசையாக இருக்கும். தஞ்சாவூர் கடல்மட்டத்திலிருந்து சுமார் 60 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. கேதார்நாத் 3,583 மீட்டர். அமர்நாத் குகை 3,888 மீட்டர். ஆழ்வார்கள் பாடிய சாளக்கிராமமாகிய முக்திநாத் சுமார் 3,700 மீட்டர். மானசரோவர் ஏரி 4,500 மீட்டரைத் தாண்டுகிறது. கயிலையைச் சுற்றி வருகிறவர்கள் கடக்கும் டோல்மா கணவாய் ஏறத்தாழ 5,600 மீட்டர்.

அந்தக் காலத்தில் மாதக்கணக்கில் நடந்தார்கள். உடம்புக்கு உயரம் பழக அவகாசம் கிடைத்தது. இப்போது ரயில், பஸ், ஜீப், ஹெலிகாப்டர். கேதார்நாத்துக்கு அடிவாரத்திலிருந்து ஹெலிகாப்டரில் சில நிமிடங்களில் போய் இறங்கிவிடலாம். ஆபத்து இந்த வேகத்தில்தான் இருக்கிறது.

மலை மேலே காற்றில் ஆக்சிஜனின் பங்கு குறைவதில்லை; எங்கும் அது 21 சதவீதம்தான். குறைவது காற்றின் அழுத்தம். கேதார்நாத் உயரத்தில் ஒவ்வொரு மூச்சிலும் தஞ்சாவூரில் கிடைப்பதில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு ஆக்சிஜன்தான் கிடைக்கும். 5,500 மீட்டரில் அது பாதி. எவரெஸ்ட் உச்சியில் மூன்றில் ஒரு பங்கு. உடம்பு இதற்குப் பழகும், ஆனால் நாள் கேட்கும். அதைக் கொடுக்காவிட்டால் முதலில் தலைவலி, குமட்டல், பசியின்மை, தூக்கமின்மை வரும். நம் ஊர்ப் பெரியவர்கள் இதைப் பித்தம் என்பார்கள், பயண அசதி என்பார்கள். பெரும்பாலும் ஒரு நாள் ஓய்வில் சரியாகிவிடும். சரியாகாமல் மேலே ஏறினால் இரண்டு பெரிய நோய்கள் காத்திருக்கின்றன.

ஒன்று, நுரையீரலில் நீர் கோப்பது. ஆக்சிஜன் குறைந்தால் நுரையீரலின் ரத்தக்குழாய்கள் சுருங்கும்; ஆனால் எல்லா இடத்திலும் ஒரே மாதிரி சுருங்காது. சில வாய்க்கால்களின் மதகை அடைத்துவிட்டு மொத்தத் தண்ணீரையும் மீதி வாய்க்கால்களில் விட்டால் கரை உடைத்துக்கொண்டு வயலில் ஏறுமே, அதேதான் நடக்கிறது. அழுத்தம் தாங்காத நுண்குழாய்களிலிருந்து நீர் கசிந்து காற்றறைகளை நிரப்புகிறது. மேலே போன இரண்டாவது இரவில் இது தொடங்குவது வழக்கம். வறட்டு இருமல், உட்கார்ந்திருந்தாலும் மூச்சு வாங்குதல், பிறகு நுரைச்சளி. இன்னொன்று, மூளை வீக்கம். நேர்க்கோட்டில் ஒரு காலின் விரல் நுனியை ஒட்டி மறு காலின் குதிகாலை வைத்து நடக்கச் சொன்னால் தள்ளாடுவார், பேச்சு குழறும், பிறகு நினைவு தப்பும். இரண்டுக்கும் முதல் மருந்து ஒன்றே: உடனே கீழே இறக்குவது.

இதை மருத்துவ உலகம் புரிந்துகொண்டதில் இந்திய ராணுவத்துக்குப் பெரிய பங்கு உண்டு. அமெரிக்க மருத்துவர் சார்லஸ் ஹூஸ்டன் 1960-ல் எழுதும்வரை, மலையில் வரும் இந்த நுரையீரல் நீர்க்கோப்பை நிமோனியா என்றே பலரும் கருதினர். 1962 சீனப் போரின்போது சமவெளியிலிருந்து அவசரமாக இமயத்துக்கு அனுப்பப்பட்ட வீரர்கள் கொத்துக் கொத்தாக நோயுற்றார்கள். ராணுவ மருத்துவர் இந்தர் சிங்கும் அவருடைய சகாக்களும் 1,925 வீரர்களை ஆராய்ந்து 1969-ல் வெளியிட்ட கட்டுரை இன்றும் அடிப்படை நூல்களில் மேற்கோளாக வருகிறது.

சரி, திரைப்படங்கள் இதை எப்படிக் காட்டியிருக்கின்றன? தமிழ்த் திரையில் பனி என்றால் பெரும்பாலும் பாட்டுதான். ‘ரோஜா’விலிருந்து ‘காற்று வெளியிடை’ வரை பனிமலை காதலுக்கும் போருக்கும் பின்னணியாக நின்றிருக்கிறது. பின்னதில் நாயகியே மருத்துவர். இருந்தும் உயரம் உடம்பை என்ன செய்கிறது என்பது கதையின் மையத்துக்கு வரவில்லை. உயிர் பிழைக்கும் கதைகளுக்கு இங்கே பார்வையாளர்கள் இல்லை என்றும் சொல்ல முடியாது. 2006-ல் கொடைக்கானல் குணா குகையில் விழுந்த நண்பனை இன்னொரு நண்பர் கயிற்றில் இறங்கி மீட்ட உண்மைச் சம்பவத்தைச் சொன்ன ‘மஞ்சும்மல் பாய்ஸ்’, மலையாளப் படமாக இருந்தும் 2024-ல் தமிழ்நாட்டுத் திரையரங்குகளை நிரப்பியது.

வெளிநாட்டுப் படங்களில் ஒன்றை மட்டும் பார்க்க நேரமிருக்கிறது என்பவர்கள் ‘எவரெஸ்ட்’ (2015) பார்க்கலாம். 1996 மே மாதம் எவரெஸ்டில் புயலில் சிக்கி எட்டுப் பேர் இறந்த உண்மைக் கதை. படத்தை விளம்பரப்படுத்தியவர்கள் புயலைக் காட்டினார்கள். ஆனால் படத்தின் உயிர் வேறொரு காட்சியில் இருக்கிறது. பிற்பகல் 2 மணிக்குள் உச்சியை எட்டாதவர்கள் திரும்பிவிட வேண்டும் என்று குழுத்தலைவர் ராப் ஹால் விதித்திருந்தார். டக் ஹான்சன் என்பவர் முந்தைய ஆண்டு உச்சிக்கு அருகில் போய்த் திரும்பியவர். தபால் துறையில் வேலை பார்த்துச் சேர்த்த பணத்தில் மறுபடி வந்தவர். நேரம் கடந்த பிறகும் அவர் திரும்ப மறுக்கிறார். ராப் ஹாலுக்கு மனம் இளகிவிடுகிறது. உச்சியைத் தொடும்போது 4 மணி ஆகிவிடுகிறது. இருவரும் கீழே வரவில்லை. “இவ்வளவு தூரம் வந்துட்டு தரிசனம் பண்ணாம திரும்புறதா?” என்று கேட்கும் எந்த யாத்ரீகருக்கும் டக் ஹான்சனைப் புரியும். அவரைக் குற்றம் சொல்லவும் மனம் வராது. அதனால்தான் அந்தக் காட்சி முக்கியமானது.

அதே படத்தில் இன்னொருவர் பெக் வெதர்ஸ். அவரே மருத்துவர். கண்ணில் முன்பு செய்துகொண்ட அறுவை சிகிச்சை காரணமாக உயரத்தில் பார்வை மங்கியது. இறந்துவிட்டார் என்று கைவிடப்பட்டவர் தானாக எழுந்து முகாமுக்கு நடந்து வந்தார். நேபாள ராணுவ விமானி மதன் கே.சி., ஏறத்தாழ 6,000 மீட்டர் உயரத்தில் ஹெலிகாப்டரை இறக்கி அவரை மீட்டார். கற்பனையில் எழுதியிருந்தால் நம்பியிருக்க மாட்டோம்.

நம்பக் கூடாத படமும் உண்டு. ‘வெர்டிகல் லிமிட்’ (2000) கே-2 மலையில் சிக்கியவர்களுக்கு நுரையீரலில் நீர் கோப்பதையே கதையின் கடிகாரமாக வைக்கிறது. நல்ல யோசனைதான். ஆனால் டெக்சாமெதசோன் ஊசி போட்டால் போதும் என்ற எண்ணத்தைப் பார்ப்பவர் மனத்தில் விதைத்துவிடுகிறது. அந்த மருந்து முக்கியமாக மூளை வீக்கத்துக்கானது. நுரையீரலுக்கு வேண்டியது ஆக்சிஜனும் இறக்கமும். நிஃபெடிபின் போன்ற மருந்து துணைக்குத்தான். மாத்திரையை வைத்துக்கொண்டு மேலே ஏறலாம் என்று யாராவது நினைத்தால் அதற்கு உயிரே விலை.

‘சொசைட்டி ஆஃப் த ஸ்னோ’ (2023) டெல்டா வாசகர்களுக்கு எதிர்பாராத விதத்தில் நெருக்கமானது. 1972 அக்டோபர் 13 அன்று ஆண்டீஸ் மலையில் விழுந்த உருகுவே விமானத்தின் கதை அது. 45 பேரில் 16 பேர் 72 நாட்களுக்குப் பிறகு உயிரோடு திரும்பினர். விமானம் கிடந்த இடத்தின் உயரம் சுமார் 3,570 மீட்டர். கிட்டத்தட்ட கேதார்நாத்தின் உயரம். அந்த உயரத்தில் பனியை உருக்கிக் குடிநீர் எடுப்பதும், நாலடி நடந்தால் மூச்சு வாங்குவதும் என்னவென்று படம் பொறுமையாகக் காட்டுகிறது. உதவி தேடிப் பத்து நாள் நடந்த இருவரில் ஒருவரான ரொபெர்த்தோ கனேஸா அப்போது மருத்துவ மாணவர். பின்னர் குழந்தைகள் இதய மருத்துவரானார்.

நம் இமயத்திலேயே எடுத்த ஆவணப்படம் ‘மேரு’ (2015). உத்தரகண்டில் கங்கோத்ரிக்கு அருகில் உள்ள சிகரம் அது. தலையில் அடிபட்டுத் தேறிய சில மாதங்களிலேயே ஏற வந்த ரெனன் ஓஸ்டர்க் என்பவருக்கு, மலைச்சுவரில் தொங்கும் கூடாரத்தில் இருக்கும்போது திடீரென்று பேச்சு நின்றுபோகிறது. குழு தொடர்ந்து ஏறி வெற்றி பெறுகிறது. பார்க்கும்போது நெஞ்சு படபடக்கும். ஆனால் பின்பற்றத் தக்க முடிவு அதுவல்ல.

தமிழில் படமாக வேண்டிய கதை ஒன்று இருக்கிறது. 2016 பிப்ரவரி 3 அன்று சியாச்சின் பனிப்பாறையில் 19,600 அடி உயரக் காவல் நிலையின் மீது பனிச்சுவர் சரிந்தது. மெட்ராஸ் ரெஜிமென்ட்டின் 19-ஆவது பட்டாலியனைச் சேர்ந்த பத்து வீரர்கள் புதைந்தனர். அவர்களில் நால்வர் தமிழ்நாட்டுக்காரர்கள். ஆறாவது நாள், 25 அடிப் பனிக்கடியில் கர்நாடகத்தின் லான்ஸ் நாயக் ஹனுமந்தப்பா கொப்பட் உயிரோடு கிடைத்தார். பிப்ரவரி 11 அன்று டெல்லி ராணுவ மருத்துவமனையில் அவரும் இறந்தார். அந்த மீட்பு முயற்சியையும் மருத்துவர்களின் போராட்டத்தையும் பாட்டும் சண்டையும் கலக்காமல் ஒருவர் எடுக்க வேண்டும்.

திரைக்கு வெளியே உயரத்தின் கதை நம் ஊரைத் தொட்டுக்கொண்டே இருக்கிறது. 2018 ஜூலையில் மானசரோவர் சென்ற ஆயிரத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள், மோசமான வானிலையால் நேபாள மலையூர்களான சிமிகோட்டிலும் ஹில்சாவிலும் சிக்கினார்கள். 2022-ல் உத்தரகண்டின் சார்தாம் யாத்திரையில் இருநூறுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். இதயக் கோளாறும் உயரமும் முக்கியக் காரணங்களாகச் சொல்லப்பட்டன. 2024 செப்டம்பரில் அதே மாநிலத்தில் உள்ள ஆதி கைலாஷ் சென்ற சிதம்பரத்து யாத்ரீகர்கள் 30 பேர் நிலச்சரிவில் பாதை அடைபட்டு நின்று, ஹெலிகாப்டரில் தார்ச்சுலாவுக்குக் கொண்டுவரப்பட்டார்கள்.

மத்திய அரசு நடத்தும் மானசரோவர் யாத்திரைக்கு டெல்லியில் ஒரு மருத்துவப் பரிசோதனை, பாதி வழியில் மறுபடி ஒன்று; 70 வயதைத் தாண்டினால் அனுமதியில்லை. தனியார் சுற்றுலாவில் இப்படியொரு சல்லடை இருக்கிறதா என்பதைப் பணம் கட்டும் முன்பே கேட்க வேண்டும். 3,000 மீட்டருக்கு மேல் தூங்கும் இடத்தின் உயரத்தை ஒரு நாளில் 500 மீட்டருக்கு மேல் கூட்டாமல் இருப்பது மருத்துவர்கள் சொல்லும் கணக்கு. கேதார்நாத்துக்கும் முக்திநாத்துக்கும் பல பயணத்திட்டங்கள் இதை மீறுகின்றன. ஆகவே ஏற்பாட்டாளர்கள் குப்தகாசியிலோ ஜோம்சோமிலோ ஒரு நாள் ஓய்வு சேர்க்கட்டும். தரிசனம் முடிந்த அன்றே கீழே வந்து தூங்க வழி செய்யட்டும். பஸ்ஸில் பக்திப் படம் போடுகிற நேரத்தில் ஒருநாள் ‘எவரெஸ்ட்’ போடட்டும். அப்பா அம்மாவை அனுப்பிவைக்கும் பிள்ளைகள், கூடப் போகிறவரிடம் இதை மட்டும் சொல்லி அனுப்புங்கள்: தலைவலியோடு தள்ளாட்டமோ, உட்கார்ந்த இடத்தில் மூச்சு வாங்குவதோ தெரிந்தால் விடியட்டும் என்று காத்திருக்காமல் அன்றிரவே கீழே இறக்கிவிட வேண்டும்.